கம்பி நழுவியது... கண் போனது!

விண்வெளி என்றதும் நமக்கெல்லாம் ராக்கெட்தான் ஞாபகத்துக்கு வருகிறது. நெருப்பைக் கக்கிக்கொண்டு கிளம்பும், டி.வி.யில் விஞ்ஞானிகள் கைகொடுத்துக்கொள்வார்கள். மறுநாள் பேப்பரில் கொட்டை எழுத்தில் வரும். ஆனால் தரையை விட்டு ஒரு அடிகூட நகராமல், இருந்த இடத்தில் இருந்துகொண்டே புதனையும் வெள்ளியையும் எத்தனையோ குறுங்கோள்களையும் தடவிப் பார்த்த ஒரு கருவி இந்த உலகத்தில் இருந்தது. 2020 டிசம்பர் 1-ம் தேதி காலை எட்டு மணிக்குச் சற்று முன்பு அது விழுந்து நொறுங்கியது. அன்று புயல் இல்லை, பூகம்பம் இல்லை. தாங்கிப் பிடித்திருந்த கம்பி வடங்கள் கைவிட்டன, அவ்வளவுதான்.

அந்தக் கருவி இருந்த இடம் கரீபியக் கடலில் உள்ள போர்ட்டோ ரீகோ தீவு. பெயர் அரெசிபோ. வான்வெளி ஆராய்ச்சியைப் பற்றிப் பேசுகிறவர்கள் அதை ஒரு பெரிய நஷ்டம் என்று சொல்லிவிட்டுப் போய்விடுகிறார்கள். பாலிடெக்னிக்கில் படிக்கும் நமக்கு அதில் வேறொரு பாடம் இருக்கிறது என்பது என் கருத்து. அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

கூப்பிட்டால் பதில் வரும்

டெலஸ்கோப் என்பது வருகிற வெளிச்சத்தை வாங்கிக்கொள்ளும் கருவி. நட்சத்திரம் கொடுத்தால் உண்டு; கொடுக்காவிட்டால் இல்லை. ரேடார் அப்படியில்லை. கிணற்றுக்குள் எட்டிப் பார்த்து 'ஓய்' என்று கத்தினால், கிணறும் 'ஓய்' என்று திருப்பிச் சொல்லுமே, அந்த மாதிரி. நாமே கூப்பிடுகிறோம், நாமே பதிலையும் கேட்கிறோம். கத்துவது தொண்டை அல்ல, டிரான்ஸ்மிட்டர். கேட்பது காது அல்ல, ரிசீவர். வித்தியாசம் அவ்வளவே!

ரேடியோ அலை நொடிக்குச் சுமார் 3 லட்சம் கிலோமீட்டர் ஓடும். போய்வர எவ்வளவு நேரம் ஆச்சு என்று பார்த்து, அதில் பாதியை இந்த வேகத்தால் பெருக்கினால் தூரம் வந்துவிடும். இது நமக்கு லேபிலேயே தெரிந்த கணக்கு. நேரத்தை ஒரு மைக்ரோ செகண்ட் அளவுக்குச் சரியாக அளந்தால், தூரம் 150 மீட்டர் அளவுக்குச் சரியாகக் கிடைக்கும்.

இன்னொன்றும் உண்டு. ஹார்ன் அடித்தபடி நம்மைக் கடந்து போகிற பஸ்ஸின் சத்தம், கிட்டே வரும்போது கீச்சென்றும் தாண்டிப் போனதும் சற்று தணிந்தும் கேட்கிறதல்லவா? அதுதான் டாப்ளர் விளைவு. திரும்பி வரும் ரேடியோ அலையிலும் அது உண்டு. சுற்றிக்கொண்டிருக்கும் ஒரு கல்லின் ஒரு பக்கம் நம்மை நோக்கி வருகிறது, மறுபக்கம் விலகிப் போகிறது. ஆகவே ஒரே அதிர்வெண்ணில் அனுப்பிய அலை, சற்றே அகலமாகப் பரவித் திரும்புகிறது. நேர வித்தியாசத்தையும் அதிர்வெண் வித்தியாசத்தையும் சேர்த்து வைத்துக் கம்ப்யூட்டரில் கணக்குப் போட்டால், அந்தக் கல்லின் படமே கிடைத்துவிடும். அதன் அளவு, வடிவம், சுழலும் வேகம் எல்லாம் அந்தப் படத்தில் இருக்கும்.

கேட்க லேசாக இருக்கிறது. ஆனால் இதில் ஒரு கொடுமையான விதி உண்டு. போகும்போது அலை விரிந்து பலம் இழக்கிறது. கல்லில் பட்டுத் திரும்பும்போது மறுபடியும் விரிந்து பலம் இழக்கிறது. ஆக, எதிரொலியின் பலம் தூரத்தின் நான்காம் அடுக்குக்கு எதிர்விகிதம். தூரம் இரண்டு மடங்கானால் எதிரொலி 16-ல் ஒரு பங்கு. தூரம் பத்து மடங்கானால் 10,000-ல் ஒரு பங்கு! அதனால்தான் இந்த வேலைக்கு மாபெரும் ஆன்டெனாவும் மாபெரும் டிரான்ஸ்மிட்டரும் வேண்டியிருக்கின்றன.

எதிரொலி சொன்ன சேதிகள்

இது நேற்று முளைத்த வித்தை அல்ல. இரண்டாம் உலக யுத்தம் முடிந்த கையோடு, 1946 ஜனவரி 10-ம் தேதி, அமெரிக்காவின் நியூஜெர்சியில் ஜான் டிவிட் என்பவரின் குழு நிலாவுக்கு ரேடார் அலையை அனுப்பியது. இரண்டரை நொடியில் பதில் வந்தது. அடுத்த மாதமே ஹங்கேரி நாட்டில் ஸோல்டான் பாய் என்ற விஞ்ஞானியும் அதைச் செய்து காட்டினார். யுத்தத்தில் நொறுங்கிக் கிடந்த புடாபெஸ்ட் நகரம் அது. நல்ல கருவிகளுக்கு எங்கே போவது? எதிரொலியோ இரைச்சலில் மறைந்து போகும் அளவுக்குப் பலவீனம். அவர் என்ன செய்தார் தெரியுமா? வந்த சிறு மின்னோட்டத்தைத் தண்ணீர் வழியாகச் செலுத்தி, அதில் பிரிந்து வரும் ஹைட்ரஜன் வாயுவைச் சேர்த்து வைத்தார். திரும்பத் திரும்ப அலையை அனுப்பி, வாயு எவ்வளவு சேர்ந்தது என்று பார்த்து எதிரொலியைக் கண்டுபிடித்தார். 'எங்க லேப்ல ஒண்ணுமே இல்லை' என்று சொல்லும் நண்பர்கள் இந்த மனிதரை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

1961-ல் வெள்ளி கிரகத்திலிருந்து எதிரொலி கிடைத்தது. அதனால் சூரியனுக்கும் பூமிக்கும் உள்ள சுமார் 15 கோடி கிலோமீட்டர் தூரம் அதுவரை இல்லாத துல்லியத்தோடு கிடைத்தது. அந்தத் தூரம் சரியாகத் தெரியாமல் வேறு கிரகத்துக்கு விண்கலம் அனுப்புவது, ஊர் எத்தனை மைல் என்று தெரியாமல் டீசல் போடுவது மாதிரி. மேகம் மூடிய வெள்ளி எந்தப் பக்கம் சுற்றுகிறது என்பதைச் சொன்னதும் ரேடார்தான். அது மற்ற பெரும்பாலான கிரகங்களுக்கு நேர் எதிராக, மிக மெதுவாகச் சுற்றுகிறது. ஒரு சுற்றுக்கு 243 நாள்!

புதன் 88 நாளில் ஒருமுறை தன்னைத்தானே சுற்றுகிறது என்று புத்தகங்கள் ரொம்ப காலமாகச் சொல்லிக்கொண்டிருந்தன. 1965-ல் அரெசிபோவில் பெட்டன்கில், டைஸ் என்ற இருவரும் ரேடாரால் அளந்து, 'இல்லை, சுமார் 59 நாள்' என்றார்கள். சூரியனுக்கு அவ்வளவு பக்கத்தில் கொதிக்கும் அதே புதனின் துருவத்தில் பனிக்கட்டி இருக்கலாம் என்று 1991-ல் சொன்னதும் ரேடார் எதிரொலிதான். பலர் நம்பத் தயங்கினார்கள். 2012-ல் மெசெஞ்சர் விண்கலத்தின் அளவீடுகள் அதை உறுதி செய்தன. தரையில் உட்கார்ந்து சொன்னவன் சொல், போய்ப் பார்த்தவன் சொல்லோடு ஒத்துப்போனது.

புள்ளியாய்த் தெரிந்தது கல்லாய்த் தெரிந்தது

இப்போது குறுங்கோள்களுக்கு வருவோம். பெரிய டெலஸ்கோப்பில் பார்த்தாலும் இவற்றில் பெரும்பாலானவை வெறும் புள்ளிதான். கறுப்பான பெரிய கல்லும் வெளுப்பான சின்னக் கல்லும் ஒரே அளவு வெளிச்சம் தரக்கூடும். எது பெரிசு, எது சிறிசு என்று அதை வைத்து எப்படிச் சொல்வது?

1989-ல் ஸ்டீவன் ஆஸ்ட்ரோவும் அவருடைய குழுவும் அரெசிபோவிலிருந்து காஸ்டாலியா என்ற குறுங்கோளைப் பார்த்தபோது, இரண்டு உருண்டைகள் ஒட்டிக்கொண்டது போன்ற வடிவம் தெரிந்தது. அதன்பின் ஒவ்வொன்றாய் ஆச்சரியங்கள். கிளியோபாட்ரா என்ற பெரிய குறுங்கோள் நாய் கடிக்கும் எலும்புத்துண்டு போலவே இருந்தது. சில கற்களுக்குக் குட்டி நிலாக்கள்கூட இருந்தன.

கோலெவ்கா என்ற கல்லின் கதை இன்னும் சுவாரசியம். வெயில் பட்டுச் சூடாகும் கல், அந்தச் சூட்டை வெளியே விடும்போது மிகமிக லேசாகத் தள்ளப்படுகிறது. இதற்கு யார்கோவ்ஸ்கி விளைவு என்று பெயர். இந்தத் தள்ளல் நிஜமா என்று 1991 முதல் 2003 வரையிலான ரேடார் அளவுகளை வைத்துப் பார்த்தார்கள். 12 வருஷத்தில் அந்தக் கல் கணக்கிட்ட பாதையிலிருந்து சுமார் 15 கிலோமீட்டர் விலகியிருந்தது. கோடிக்கணக்கான கிலோமீட்டர் ஓடும் ஒரு கல், 15 கிலோமீட்டர் தள்ளியிருப்பதைக் கண்டுபிடிக்கிறார்கள் என்றால்... அம்மாடி!

சரி, இதெல்லாம் வெறும் வேடிக்கையா? இல்லை. 2004-ல் அபோஃபிஸ் என்ற குறுங்கோளைக் கண்டுபிடித்தார்கள். குறுக்களவு முந்நூறு மீட்டருக்கு மேல். அந்த டிசம்பரில் போட்ட கணக்குப்படி, 2029 ஏப்ரல் 13-ம் தேதி அது பூமியில் மோத 2.7 சதவீதம் வாய்ப்பு இருந்தது. அடுத்த சில நாட்களிலேயே பழைய படங்களைத் தேடிப் பார்த்து, அந்தத் தேதியில் மோதாது என்று தெரிந்துகொண்டார்கள். ஆனாலும் பிந்திய வருஷங்களைப் பற்றிய சந்தேகம் தீரவில்லை. 2005-ல் அரெசிபோ ரேடார் அதன் பாதையைத் திருத்திக் கொடுத்தது. கடைசியில் 2021 மார்ச்சில், அது 1 கோடியே 70 லட்சம் கிலோமீட்டர் தூரத்தில் இருந்தபோது, கலிபோர்னியாவின் கோல்ட்ஸ்டோன் ஆன்டெனா அலையை அனுப்ப, மேற்கு வர்ஜீனியாவின் கிரீன் பேங்க் டெலஸ்கோப் பதிலை வாங்கியது. தூரத்தைச் சுமார் 150 மீட்டர் துல்லியத்தில் சொன்னார்கள். இன்னும் 100 வருஷத்துக்காவது பயமில்லை என்று முடிவாயிற்று. 2029-ல் அது நம் தலைக்கு மேல் சுமார் 32,000 கிலோமீட்டர் உயரத்தில், அதாவது டி.வி. சாட்டிலைட்டுகளைவிடக் கிட்டத்தில், நல்ல பிள்ளையாய்க் கடந்து போகும். நிம்மதியாகப் பார்க்கலாம். அந்த நிம்மதியில் ஒரு பங்கு ரேடார் கொடுத்தது.

ஒரு அங்குலக் கதை

இனி அரெசிபோவுக்கு வருவோம். கார்னெல் பல்கலைக்கழகத்தின் வில்லியம் கோர்டன் முன்னின்று திட்டமிட்டு, 1963-ல் திறக்கப்பட்டது. மலைகளுக்கு நடுவில் இயற்கையாக அமைந்த பள்ளத்தில் 305 மீட்டர் அகலத்துக்கு ஒரு கிண்ணம். பின்னாளில் அதன் மேல் பதித்த அலுமினியத் தகடுகள் மட்டும் 38,000-க்கும் அதிகம். அதற்கு மேலே, மூன்று கோபுரங்களிலிருந்து கம்பி வடங்களால் கட்டித் தொங்கவிட்ட சுமார் 900 டன் எடையுள்ள மேடை. 1990-களில் புதுப்பித்த பிறகு அதன் ரேடார் டிரான்ஸ்மிட்டரின் சக்தி 10 லட்சம் வாட். குறுங்கோள்களைப் பார்ப்பதில் உலகத்திலேயே பலமான ரேடார் அதுதான்.

அந்தக் கம்பி வடத்தின் நுனியைக் கோபுரத்தோடு எப்படிப் பிணைப்பது? நுனியிலுள்ள கம்பிகளைத் துடைப்பம் மாதிரி விரித்து, கூம்பு வடிவ எஃகுக் குழிக்குள் வைத்து, உருக்கிய துத்தநாகத்தை ஊற்றி ஆறவிடுவார்கள். அதற்கு சாக்கெட் என்று பெயர். பாலங்களிலும் இந்த முறை உண்டு. ஆனால் வருஷக்கணக்காகப் பெரும் பாரத்தைச் சுமந்தால், உலோகம் எறும்பு ஊர்வது போல மெல்ல மெல்ல நகரும். நம் மெக்கானிக்கல் நண்பர்களைக் கேளுங்கள், 'கிரீப்' என்று உடனே சொல்வார்கள்.

2017 செப்டம்பரில் மரியா என்ற பெரும்புயல் தீவைப் புரட்டிப் போட்டது. அதற்குப் பிறகு சோதித்தபோது, சில சாக்கெட்டுகளிலிருந்து கம்பி வடம் ஒரு அங்குலத்துக்கும் மேலாக வெளியே நழுவியிருந்தது. கண்ணுக்கே தெரிந்த நழுவல். ஆனாலும் அதை ஆபத்தின் அறிகுறியாக யாரும் உரிய அவசரத்தோடு எடுத்துக்கொள்ளவில்லை. அமெரிக்காவின் தேசிய அறிவியல் கழகங்களின் குழு 2024-ல் வெளியிட்ட அறிக்கை இதைத்தான் சொல்கிறது.

2020 ஆகஸ்ட் 10-ம் தேதி ஒரு துணை வடம் சாக்கெட்டிலிருந்து உருவிக்கொண்டு விழுந்து, கீழே இருந்த கிண்ணத்தைக் கிழித்தது. பழுதுபார்க்கத் திட்டம் போட்டுக்கொண்டிருக்கும்போதே, நவம்பர் 6-ம் தேதி அதே கோபுரத்தின் பிரதான வடம் ஒன்று அறுந்தது. இனி மேலே ஆள் ஏறினால் உயிருக்கு உத்தரவாதம் இல்லை என்று பொறியாளர்கள் கைவிரித்தார்கள். டிசம்பர் 1-ல் எல்லாம் முடிந்து போச்சு. நல்லவேளை, யாருக்கும் காயமில்லை.

குற்றத்தைத் துத்தநாகத்தின் தலையில் போட்டுவிட்டுப் போகலாமா? 2006-லேயே இந்த ஆய்வகத்துக்கான பணத்தைக் குறைக்கச் சொல்லி ஒரு பரிந்துரை வந்தது. பிறகு நிர்வாகமும் கை மாறியது. 2011-ல் கார்னெலிடமிருந்து எஸ்.ஆர்.ஐ. என்ற நிறுவனத்துக்கும், 2018-ல் மத்திய ஃப்ளோரிடா பல்கலைக்கழகத்துக்கும் போனது. கிள்ளிக் கொடுக்கும் பட்ஜெட்டில் முதலில் வெட்டுப்படுவது எது? புதுக் கண்டுபிடிப்புக்குப் பெயர் கிடைக்கும். எண்ணெய் போட்டதற்கும் போல்ட்டை இறுக்கியதற்கும் யார் மாலை போடப் போகிறார்கள்?

ஒற்றைக் கண் போதுமா?

2022-ல் அமெரிக்க தேசிய அறிவியல் அறக்கட்டளை, அந்த டெலஸ்கோப்பை மறுபடி கட்டப் போவதில்லை, அந்த இடத்தில் ஒரு கல்வி மையம் வரும் என்று அறிவித்தது. கல்வி மையம் நல்லதுதான். ஆனால் கண்ணுக்குப் பதில் கண்ணாடிச் சட்டம் கொடுத்தது போலத்தான் எனக்குத் தோன்றுகிறது.

அதே நாட்டிலேயே வேறு மாதிரியும் நடந்திருக்கிறது. 1988 நவம்பர் 15-ம் தேதி இரவு, கிரீன் பேங்கிலிருந்த 300 அடி ரேடியோ டெலஸ்கோப் இதேபோல் இடிந்து விழுந்தது. இரும்புச் சட்டங்களை இணைக்கும் ஒரே ஒரு தகடு உடைந்ததுதான் காரணம். போனது போகட்டும் என்று விட்டுவிடவில்லை. அதைவிடப் பெரிதாக, 100 மீட்டர் அகலத்தில் புதிதாகக் கட்டி 2000-ல் திறந்தார்கள். 2021-ல் அபோஃபிஸின் எதிரொலியை வாங்கியதாகச் சொன்னேனே, அது இந்தப் புதிய டெலஸ்கோப்தான்!

அரெசிபோ போன பிறகு, குறுங்கோள் ரேடார் வேலையின் பாரமெல்லாம் பெரும்பாலும் கோல்ட்ஸ்டோனின் 70 மீட்டர் ஆன்டெனா தலையில் விழுந்தது. அதற்கோ தூரத்து விண்கலங்களோடு பேசுகிற வேலையே தலைக்கு மேல் இருக்கிறது. 2025 செப்டம்பர் 16-ம் தேதி அந்த ஆன்டெனா அளவுக்கு மேல் திரும்பி, நடுவில் செல்லும் கேபிள்களும் குழாய்களும் இழுபட்டுச் சேதமாகின. தீயணைப்புக் குழாய் உடைந்து தண்ணீரும் புகுந்தது. வேலையை நிறுத்திப் பழுதுபார்க்க வேண்டியதாயிற்று. ஒற்றைக் கண்ணை நம்பி இருப்பவனுக்கு அந்தக் கண்ணில் தூசி விழுந்தால் என்ன கதி? சீனா பல சிறு ஆன்டெனாக்களைச் சேர்த்து ஒரு பெரிய ரேடாராக்கும் வேலையில் இறங்கியிருக்கிறது. அது நல்ல சேதி. ஆனால் கல் எந்த நாட்டின் மேல் விழும் என்று பாஸ்போர்ட் பார்த்தா விழப்போகிறது? இது எல்லா நாடும் சேர்ந்து செய்ய வேண்டிய காரியம்.

'சோத்துக்கே வழியில்லாத ஜனங்கள் இருக்க, வானத்துக் கல்லுக்கு எதுக்குப் பணம்?' என்று கேட்பவர்கள் உண்டு. நியாயமான கேள்விதான். 2013 பிப்ரவரி 15-ம் தேதி ரஷ்யாவின் செல்யாபின்ஸ்க் நகரத்துக்கு மேல் சுமார் 20 மீட்டர் கல் ஒன்று வெடித்தது. சுமார் 1,500 பேருக்குக் காயம். பெரும்பாலும் ஜன்னல் கண்ணாடி வெட்டிய காயம். உண்மையைச் சொல்ல வேண்டும்: ரேடார் இருந்தும் அதைத் தடுத்திருக்க முடியாது. அந்தக் கல் சூரியன் இருந்த திசையிலிருந்து, யாருக்கும் தெரியாமல் வந்தது. ரேடார் தேடிப் பிடிக்கும் கருவி அல்ல. தேடிப் பிடித்ததைத் தெரிந்துகொள்ளும் கருவி.

அப்படியானால் தேடுவது மட்டும் போதாதா? சிலி நாட்டில் புதிதாகக் கட்டிய வேரா ரூபின் ஆய்வகம் 2025 ஜூனில் முதல் படங்களை வெளியிட்டது. சில இரவுகளில் எடுத்த, மொத்தம் பத்து மணி நேரப் படங்களிலேயே 2,104 புதிய குறுங்கோள்கள்! ஆனால் ஊருக்குள் புது ஆள் வந்திருக்கிறான் என்று தெரிந்தால் போதுமா? அவன் யார், எந்தப் பக்கம் போகிறான் என்று தெரிய வேண்டாமா? 2022 செப்டம்பர் 26-ல் நாசாவின் டார்ட் விண்கலம் டைமார்ஃபஸ் என்ற குட்டிக் குறுங்கோளின் மேல் வேண்டுமென்றே மோதியது. அது தன் தாய்க்கல்லைச் சுற்றும் நேரம் சுமார் 33 நிமிடம் குறைந்தது. அதை உறுதி செய்தவற்றில் ரேடாரும் ஒன்று. கல்லைத் திருப்பிவிட முடியும் என்று மனிதன் கற்றுக்கொண்டுவிட்டான். எந்தக் கல்லை, எப்போது, எவ்வளவு திருப்புவது என்று சொல்லத்தான் நல்ல ரேடார் வேண்டும். ஒன்றல்ல, இரண்டு மூன்று வேண்டும்.

நம் வேலைக்கு என்ன மரியாதை?

கடைசியாக நம் விஷயம். எங்கள் வீட்டில் பத்தாவதுக்கு மேல் படிக்க வந்த முதல் ஆள் நான். சொந்தக்காரர்கள் கேட்பார்கள், 'டிப்ளமோ முடிச்சா என்ன வேலைப்பா கிடைக்கும்?' என்று. 'மெயின்டனன்ஸ்ல போடுவாங்க மாமா' என்றால் முகம் சுருங்கிப் போகும். 'அவ்வளவுதானா? டிசைன் வேலையெல்லாம் கிடையாதா?' என்பார்கள். அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. நம்மில் எத்தனை பேர் அப்படி நினைக்கிறோம்! டிசைன் செய்கிறவன் அறிவாளி, பராமரிக்கிறவன் கையில் கிரீஸ் பூசிக்கொள்கிறவன் என்று நாமே ஒரு கோடு கிழித்து வைத்திருக்கிறோம்.

அரெசிபோ அந்தக் கோட்டை அழித்துக் காட்டுகிறது. அங்கே அறிவுக்குப் பஞ்சமில்லை. அத்தனை துல்லியமாக அளந்த அந்த இடத்திலேயே, சொந்தக் கோபுரத்தில் ஒரு அங்குலம் நழுவியதன் அர்த்தம் பிடிபடவில்லை. எத்தனையோ வருஷ ஆராய்ச்சி, அந்த ஒரு அங்குலத்தில் தொங்கிக்கொண்டிருந்தது. ஸ்கேலும் கையுமாகக் கோபுரம் ஏறி, நழுவலை அளந்து, லாக் புத்தகத்தில் எழுதி, 'சார், இது போன தடவையைவிட அதிகம்' என்று சொல்கிறவனும் வான ஆராய்ச்சிதான் செய்கிறான். அவன் சொல்வதைக் காது கொடுத்துக் கேட்கும் மேலதிகாரியும் வேண்டும். உடனே சரிசெய்ய ஒதுக்கிய பணமும் வேண்டும். இதில் எது இல்லாவிட்டாலும் கோபுரம் நிற்காது.

ஆகவே நான் சொல்வது இதுதான். ஒரு கருவி வாங்கும்போது, அதைப் பராமரிக்கும் செலவையும் அதே காகிதத்தில் எழுதிக் கையெழுத்துப் போட வேண்டும். அது விண்வெளி ரேடாராக இருந்தாலும் சரி, ஊராட்சி வாட்டர் டேங்க்காக இருந்தாலும் சரி. பராமரிப்பு வேலைக்குப் போகும் டிப்ளமோக்காரன் 'வேறு வேலை கிடைக்கவில்லை, அதனால் வந்தேன்' என்று தலைகுனிந்து போக வேண்டாம். படித்த படிப்பு பொய்யில்லை என்றால், பார்த்ததைப் பார்த்தபடி எழுதுகிற தைரியத்தோடு போவோம்.

கொடி நாட்டுகிறவனுக்குக் கைதட்டல் கிடைக்கட்டும். கொடிக்கம்பத்தின் அடியில் துரு ஏறாமல் பார்த்துக்கொள்ள ஒருவன் வேண்டும். அந்த ஒருவனாக இருப்பதில் எனக்கு வெட்கமில்லை, நண்பர்களே! உங்களுக்கும் வேண்டாம்!

— எலெக்ட்ரானிக்ஸ் அண்ட் கம்யூனிகேஷன் பிரிவு, மூன்றாம் ஆண்டு